நான் போட்ட மைனஸ்

ஆடிக்காற்று ஜன்னலைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்த ஒரு காலையில் அந்த வரியைத் திரும்பப் பார்த்தேன்.

பழைய புரோகிராம். நானும் என்னிடம் வேலை செய்த ஒரு பெண்ணும் சேர்ந்து எழுதியது. பம்ப் செய்கிறவர்கள் தங்கள் வார்ப்புகளைக் கம்ப்யூட்டரில் வரைவார்கள். புரோகிராம் அதை ஒரு ஃபைலாக எழுதிக் கொடுக்கும். பட்டறை மெஷின் அந்த ஃபைலைப் படித்து வெட்டும். கோயமுத்தூரில் இன்றைக்கும் சில பட்டறைகள் அதை விடாமல் வைத்திருக்கின்றன. காலுக்குப் பழகின செருப்பு. ஆனால் புதுக் கம்ப்யூட்டர்களுக்கு அது ஆகவில்லை. திரையில் ஒரு கோடு இழுக்க அன்று நாங்கள் நம்பியிருந்த கிராஃபிக்ஸ் லைப்ரரி என்ற ரெடிமேட் புரோகிராம் தொகுப்பை, அதைச் செய்தவர்களே கைகழுவிவிட்டார்கள். அதன் இடத்தில் வேறொன்று வந்திருக்கிறது. அதற்கும் ஒரு நாள் இதே கதி. ஆக, வரி வரியாக எடுத்து, தூசி தட்டி, புதுசுக்கு மாற்றிக்கொண்டிருந்தேன்.

ஃபைல் எழுதும் பகுதிக்கு வந்தபோது கை நின்றது. இட வல அளவைச் சொல்லும் எக்ஸுக்கு முன்னால் ஒரு மைனஸ். அந்த வரியை அவள் அழிக்கவில்லை. கம்ப்யூட்டர் படிக்காமல் தாண்டிப்போகும்படி முன்னால் இரண்டு சாய்கோடு போட்டு அதைப் பேசாமல் படுக்க வைத்திருந்தாள். கீழே சரியான வரி. படுத்திருந்த வரியின் பக்கத்தில், அந்த மைனஸ் விழுந்த நாளாகக் கம்ப்யூட்டர் குறித்து வைத்திருந்த தேதி மட்டும். வேறு ஒரு சொல் இல்லை.

அந்தத் தேதியில் அவள் ஊரில் இல்லை. ஆபீசில் இருந்தது நான் ஒருவன்தான்.

அவளுக்குத் தெரிந்திருக்குமோ, தெரிந்திருக்காதோ என்ற சந்தேகத்துக்குள் இத்தனை வருடம் சௌகரியமாக ஒளிந்திருந்தேன். சந்தேகத்துக்கு வேலை இல்லாமல் போயிற்று.

அப்போது எங்கள் ஆபீஸ் கணபதியில், ஒரு லேத் பட்டறையின் மாடியில். கீழே கட்டிங் ஓடினால் மேலே டீ டம்ளர் நடுங்கும். அவள் வால்பாறை எஸ்டேட்டிலிருந்து வந்தவள். அம்மா கொழுந்து பறிக்கிறவர். தொழிலாளர் லைன் வீட்டிலிருந்து தெருவிளக்கில் படித்தேன் என்றெல்லாம் அவள் சொன்னதில்லை. வீட்டில் நல்ல பல்பு இருந்தது என்றுதான் சொல்வாள். பேச்சில் 'ங்க' குறைவு. எங்கள் பக்கத்து ஆட்களுக்கு அது கொஞ்சம் வெடுக்கென்று இருக்கும். எனக்கும் முதலில் இருந்தது.

வேலையில் என்னைவிடக் கெட்டிக்காரி. இதை அன்றும் அறிவேன். அன்று சொன்னதில்லை.

கிராஃபிக்ஸில் ஒரு பொது விதிப்புத்தகம் உண்டு. எந்த ஊரில் வரைந்ததையும் எந்த ஊர் மெஷினும் படிக்கவேண்டும் என்பதற்காக ஏற்பட்டது. ஜெராக்ஸ் எடுத்து, ஸ்பைரல் போட்டு, ஒரு செங்கல் கனத்துக்கு வைத்திருந்தோம். நான் வேண்டிய பக்கத்தை மட்டும் புரட்டுவேன். அவள் மலைப்பஸ்ஸில் ஏறும்போது மடியில் வைத்துக்கொண்டு முதலிலிருந்து கடைசிவரை படித்தாள். கொண்டை ஊசி வளைவுகளில் எல்லோரும் வாந்தி எடுத்துக்கொண்டிருக்க இவள் மட்டும் படித்துக்கொண்டிருப்பதைக் கண்டக்டர் கேலி செய்வாராம். படித்து முடித்து வந்து என்னிடம் சொன்னாள், இத்தனை பக்கத்துக்கும் அடியில் இருப்பது ஒரே பேச்சுத்தான் சார் என்று. பொருள் வேறு, பார்வை வேறு. பொருள் எப்படி இருக்கிறதோ அப்படியே ஃபைலில் இருக்கவேண்டும். நீ முன்னாலிருந்து பார்க்கிறாயா, பின்னாலிருந்து பார்க்கிறாயா என்பது உனக்கும் திரைக்கும் நடுவில் உள்ள சங்கதி. அதற்காகப் பொருளைத் தொடக்கூடாது.

எங்கள் சந்துப் பட்டறைகளில் நடைமுறை வேறு. வார்ப்புக்கு முன்னால், பேட்டர்ன் என்கிற மாதிரி உருவை மண்ணில் பதிப்பார்கள். குப்புறப் போட்டுத்தான் பதிப்பார்கள். அதனால் எதையும் முதுகுப் பக்கமிருந்தே பார்த்துப் பழகிய கண்கள். கடையின் கண்ணாடிக் கதவில் எழுதிய பெயரை உள்ளே இருந்து பார்ப்பது போல இடமும் வலமும் மாறித் தெரியும். அவர்களுக்கு அதுதான் நேர். எங்கள் ஃபைலை ஏற்றியதும் ஆபரேட்டர் முதல் காரியமாக, படத்தை இடவலம் மாற்றும் மிரர் பட்டனை அமுக்கவேண்டும். மறந்தால் ஒரு துண்டு அலுமினியம் குப்பைக்கு. ஒரு பட்டறைக்காரர் மாடி ஏறி வந்து கேட்டே விட்டார்.

"ஏனுங்க, இத்தன படிச்சவிய பண்ணினது, குப்புறப் படுத்திருக்கறத மல்லாக்கப் போட்டுக் காட்டுதுங்களே?"

எல்லோரும் சிரித்தோம். அவளும்தான். அவர் போனபின் என்னிடம், "ரெண்டு நாள் குடுங்க சார். முதுகுப் பக்கமா பாக்கறதுக்கு ஒரு பட்டன் வெச்சுத் தரேன். ஃபைல மட்டும் தொடாதீங்க" என்றாள்.

அந்த இரண்டு நாள் கிடைக்கவில்லை. அம்மா ஈரச் சரிவில் வழுக்கி விழுந்து முட்டி வீங்கிவிட்டதாகப் போன் வந்து, மலைக்குப் போய்விட்டாள். இங்கே பட்டறைகளிலிருந்து தினமும் போன். மூன்றாம் நாள் நான் அவள் எழுதிய பகுதியைத் திறந்தேன். எக்ஸுக்கு முன்னால் ஒரு மைனஸ் போட்டேன். இனி ஃபைலே திரும்பித்தான் எழுதப்படும். மிரர் பட்டன் வேண்டாம். இரண்டு நாள் வேலை ஒரு கீற்றில் முடிந்தது. அன்று எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

எங்கள் ஆபீசில் ஒரு வழக்கம். ஒவ்வொரு பகுதியின் தலையிலும் அதை எழுதியவர் பெயர் இருக்கும். பிறகு யார் ஒரு வரியைத் தொட்டாலும் பக்கத்தில் இனிஷியலும் தேதியும் போடவேண்டும். அந்த வழக்கத்தைக் கொண்டுவந்தவன் நான். அன்று நான் போடவில்லை. டீ வந்துவிட்டது. வேறு காரணம் யோசித்துப் பார்க்கிறேன், கிடைக்கவில்லை.

அவள் திரும்பி வந்ததும் கேட்டாள், அந்தப் பட்டனை இப்போது செய்யட்டுமா என்று. வேண்டியதில்லை, அவர்களே பழகிக்கொண்டார்கள் என்றேன். விதிப்புத்தகத்தை மீறினேன் என்று அவளிடம் சொல்லச் சங்கோஜம். அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டேன். அப்புறம் என்பது எங்கள் பக்கத்தில் ஒரு பெரிய ஊர். நிறைய விஷயங்கள் அங்கே போய்க் குடியேறிவிடும்.

அந்தச் சமயத்தில்தான் ஆனைமலைக்காரர் வந்தார். தோட்டம் துரவுள்ள குடும்பம். அவர் அப்பாவும் என் அப்பாவும் ஒரே சந்தையில் மாடு பிடித்தவர்கள். மற்ற கம்பெனிகளுக்குப் பம்பின் பாகங்களைச் செய்து கொடுத்துக்கொண்டிருந்தவர், சொந்தப் பெயரில் பம்ப் போட முடிவு செய்திருந்தார். பம்புக்குள் சுற்றித் தண்ணீரைத் தள்ளும் இம்பெல்லரை எங்கள் புரோகிராமில் வரைய வேண்டும். அவள்தான் உட்கார்ந்து வரைந்து கொடுத்தாள். இறக்கை ஒவ்வொன்றின் வளைவையும் அவள் திருத்தித் திருத்தி மென்மையாக்குவதைப் பார்த்து அவர் அசந்துபோனார். ஆனைமலையில் தொழிற்சாலைக்குள்ளேயே ஒரு டிசைன் ரூம் கட்டிக்கொண்டிருந்தார். அதற்கு அவளையே பொறுப்பாகப் போட்டுவிடலாம் என்றார். என்னைப் பார்த்து, "உங்க புள்ளைய எங்களுக்குக் குடுத்துருங்க" என்று சிரித்தார்.

அவளுக்கு அது எவ்வளவு என்று எனக்குத் தெரியும். ஆனைமலையிலிருந்து ஒரு பஸ்ஸில் அம்மாவிடம் போய்விடலாம். சனிக்கிழமை சாயங்காலம் ஏறினால் ஞாயிறு முழுக்க அங்கே. முட்டி தாங்காத நாளில் அம்மாவைக் கீழே கொண்டுவந்துவிடலாம். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளே போய் அந்த ரூமை அளந்துவிட்டு வந்தாள். திரையில் வெயில் அடிக்கக்கூடாது, ஜன்னலை வடக்கே வைக்கச் சொல்லியிருக்கிறேன் சார் என்றாள். ஜன்னல் வடக்கே வைக்கப்பட்டது. இன்றும் வடக்கேதான் இருக்கிறது.

சொந்தப் பெயரில் போடும் முதல் பம்ப் என்பதால் அவருக்கு எங்கள் சந்துப் பட்டறைகள் போதவில்லை. பேட்டர்னை வெளிமாநிலத்தில் ஒரு பெரிய இடத்தில் வெட்டக் கொடுத்தார். அவர்களுடைய மெஷினுக்கு எங்கள் குப்புறப் பழக்கமெல்லாம் தெரியாது. விதிப்புத்தகத்தில் சொன்னபடி ஃபைலைப் படித்தது. ஃபைலில் இருந்ததை அப்படியே வெட்டியது. ஃபைலில் என் மைனஸ் இருந்தது.

அந்தப் பேட்டர்னை வைத்து வார்த்ததில், இறக்கைகள் எதிர்ப்பக்கம் வளைந்த இம்பெல்லர் வந்து சேர்ந்தது. அதை மாட்டிய ஃபிட்டர் அனுபவஸ்தர்; பார்த்திருக்கிறார். ஏன் சொல்லவில்லை என்று பிறகு கேட்டபோது, "கம்ப்யூட்டர்ல போட்டதுங்களே, புது மாடலாட்ட இருக்குதுன்னு நெனச்சனுங்க" என்றாராம்.

தோட்டத்துக் கிணற்றில் பம்பை இறக்கி ஓட்டும் நாளில் நானும் போயிருந்தேன். அவள் வரவில்லை; அழைப்பு எனக்குத்தான் வந்தது. சொந்தபந்தமெல்லாம் கூடியிருந்தது. பம்புக்கு மாலை, குங்குமம். ஆனைமலைக்காரர் சுவிட்சைப் போட்டார். மோட்டார் முக்கியது. குழாயில் கொஞ்சம் காற்று, பிறகு கொஞ்சம் தண்ணீர். தொட்டி விளிம்பைக்கூட எட்டிக் குதிக்கவில்லை, குழாயின் வாயோரமே வழிந்தது. மோட்டார் சூடேறிக் கருகல் வாசம் வந்ததும் நிறுத்தினார்கள். பிறகு அவருடைய மாமா ஒருத்தர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "ஏம் மாப்ள, இந்தத் தண்ணிக்கு மோட்டாரு எதுக்கு? ஒரு சொம்பு போதுமே" என்றார். சிரிப்பு. ஆனைமலைக்காரரும் சிரித்தார். காது மடல் மட்டும் சிவந்திருந்தது.

என் மைனஸ்தான் என்று எனக்கு அங்கேயே புரிந்துவிட்டது. கிணற்று மேட்டில் நின்று, குளிர்ந்துகொண்டிருந்த மோட்டாரைப் பார்த்தேன். சாப்பாடு ஆறுவதற்குள் வரச் சொல்லிக் கூப்பிடுகிறார்களே என்று போய் உட்கார்ந்து சாப்பிட்டேன்.

இரண்டு நாள் கழித்து அவர் இம்பெல்லரைத் துண்டில் சுற்றிக்கொண்டு மாடி ஏறி வந்தார். மேஜையில் வைத்தார். பக்கத்தில் வேறொரு கம்பெனி இம்பெல்லரை வைத்தார். ஒன்று கண்ணாடியில் மற்றதைப் பார்ப்பது போல இரண்டும் கிடந்தன. அவர் சத்தம் போடவில்லை. எங்கள் ஆட்கள் அப்படிப் போடுவதும் இல்லை. "எங்க தப்பிப் போச்சுன்னு மட்டும் தெரிஞ்சா போதுமுங்க" என்றார்.

அவள் கம்ப்யூட்டரைத் திறந்தாள். ஃபைல் எழுதும் பகுதி திரையில் வந்தது. தலையில் அவள் பெயர். அவருக்குப் புரோகிராம் புரியாது, பெயரைப் படிக்கத் தெரியும். படித்தார். அவள் பக்கம் திரும்பினார்.

அவள் திரையை நகர்த்திக்கொண்டே போனாள். ஓர் இடத்தில் விரல் நின்றது. திரும்பி என்னைப் பார்த்தாள். கோபமில்லை அதில். பின்னால் வருகிறவருக்காகக் கதவைப் பிடித்துக்கொண்டு நிற்போமே, அப்படி ஒரு பார்வை. நான் வருவதற்காக நின்றாள். கீழே லேத் ஓடிக்கொண்டிருந்தது. அது ஓய்ந்தது. மறுபடி ஓடியது.

நான் ஆனைமலைக்காரரிடம், "காபி சொல்லட்டுங்களா?" என்றேன்.

"அதெல்லாம் வேண்டாமுங்க." பிறகு அவளிடம், மிகவும் தன்மையாக: "பரவால்ல உடு அம்மணி. பழகப் பழக வந்துரும்."

அவள் அவரைப் பார்த்தாள். என்னைப் பார்க்கவில்லை. "ரெண்டு நாள்ல சரி பண்ணித் தரேன்" என்றாள். அவ்வளவுதான்.

படியிறங்கும்போது அவர் என் தோளைத் தொட்டு, ஒரு மன்னிப்புகூட அந்தப் பெண் வாயில் வரவில்லை பார்த்தீர்களா என்று வருத்தப்பட்டார். எஸ்டேட்டில் வளர்ந்த பிள்ளை, நாம்தான் சொல்லிக் கொடுக்கவேண்டும் என்றார். நான் செருப்பை மாட்டிக்கொள்ள அவருக்குக் கை கொடுத்தேன்.

டிசைன் ரூம் பேச்சை அவர் மறுபடி எடுக்கவே இல்லை. முடியாது என்று சொல்லவும் இல்லை. அவள் ஒருமுறை போன் செய்து கேட்டபோது பார்த்துக்கொள்ளலாம் என்றிருக்கிறார். அடுத்த மாதம் அவர் மைத்துனர் மகன் அந்த வடக்கு ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பதாகக் கேள்விப்பட்டோம். இன்னும் இரண்டு மாதத்தில் அவள் பெங்களூருக்குப் போய்விட்டாள். அம்மா மலையிலேயே தங்கிவிட்டார்.

கடைசி நாளில் எது எங்கே இருக்கிறது என்று எல்லாம் காட்டிக் கொடுத்தாள். முதுகுப் பக்கமிருந்து பார்க்கும் பட்டனையும் செய்து முடித்திருந்தாள். படியருகே நின்று, "வேண்டிய எடத்துல எல்லாம் குறிப்பு எழுதி வெச்சிருக்கேன் சார். ஒரு நாள் படிச்சுப் பாருங்க" என்றாள். நான் படிக்கவில்லை. ஓடுகிற புரோகிராமை யார் படிக்கிறார்கள்? அது நிற்கும்போதுதான் படிக்கிறோம்.

ஆடியில் அந்தத் தேதியைப் பார்த்த மூன்றாம் நாள் ஆனைமலைக்குக் கிளம்பினேன். அவளுக்குப் போன் செய்து சொல்லலாமே என்று தோன்றியது. அவளிடம் சொல்ல என்ன இருக்கிறது? அவளுக்குத்தான் தெரியுமே. தெரியாதவர் ஒருவர்தான்.

அவருக்கு இப்போது முடி முழுக்க வெள்ளை. பம்ப் வியாபாரம் நன்றாகவே ஓடுகிறது. தாராபுரம் வரை அவர் பெயர் போட்ட பெட்டிகள் போகின்றன. பம்ப் செய்கிறவர்கள் நடுவில் யாராவது ஒருவரைப் பற்றி விசாரிக்கவேண்டும் என்றால் இவரைத்தான் கேட்கிறார்கள். வேப்பமரத்தடியில் நாற்காலி போட்டு உட்கார வைத்தார். நான் சுற்றி வளைக்காமல் சொன்னேன். அந்த இம்பெல்லர் இடவலம் மாறிப்போனதற்கு நான்தான் காரணம். அந்த மைனஸைப் போட்டது நான். அந்தப் பெண் அன்று ஊரிலேயே இல்லை. போடவேண்டாம் என்று முன்கூட்டியே சொன்னவளும் அவள்தான். பெயர் மேலே இருந்தது என்பதால் அவள் மேல் போயிற்று, நான் வாயைத் திறக்கவில்லை.

அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். முடித்ததும் கண்ணை மூடித் திறந்து சிரித்தார்.

"பெரிய மனசுங்க தம்பி உங்களுக்கு. இத்தன வருசம் கழிச்சும் அந்தப் புள்ளைய உட்டுக் குடுக்க மாட்டேங்கறீங்க."

இல்லீங்க, நிஜமாகவே நான்தான் என்றேன். கையைத் தூக்கி அமர்த்தினார். உங்க அப்பாவும் இப்படித்தான் என்றார். வேலையாள் செய்ததையெல்லாம் தன் தலையில் போட்டுக்கொள்வார் என்றார். நான் பையிலிருந்து அந்தப் பக்கத்தை அச்செடுத்து வந்ததை நீட்டினேன். தேதியைக் காட்டினேன். அவர் தாளின் தலைப்பில் இருந்த பெயரைப் படித்தார். மடித்து என்னிடமே கொடுத்தார்.

"நானும் அந்தப் புள்ளையக் கெடுத்து ஒண்ணும் சொல்றதில்லீங்க. போன மாசங்கூட நம்ம கோயமுத்தூரு கம்பெனிக்காரர் ஒருத்தர் கேட்டாரு. அங்க டிசைனுக்குத் தலையா வாரதுக்கு அது மனுப் போட்டிருக்குது. அம்மாளுக்கு முடியலையாம், இந்தப் பக்கமே வந்தரோணும்னு பாக்குது போல. நல்ல புள்ளதான், ஒரே ஒருக்காத் திருப்பிப் போட்டுபோட்டுது, பதனமாப் பாத்துக்கங்கன்னேன். அவ்வளவுதானுங்க சொன்னது."

மேலே மரத்தில் காற்று. நான் அவரிடம் அந்தக் கம்பெனிக்காரரின் நம்பரைக் கேட்டேன். எதற்கு என்று கேட்டார், கேட்டுக்கொண்டே கொடுத்தார். அங்கேயே நின்று, அவர் எதிரிலேயே, போன் செய்தேன். மறுமுனையில் இருந்தவர் மரியாதையானவர். யார், என்ன என்று விசாரித்துக்கொண்டு, அந்த இடத்துக்குப் போன வாரமே வேறு ஆளைப் போட்டுவிட்டதாகச் சொன்னார். ஆனாலும் நான் சொல்கிறேன் என்று சொன்னேன். பொருள், பார்வை, குப்புறப் பதிக்கும் பேட்டர்ன், மைனஸ், தேதி, எல்லாவற்றையும் முதல் வருடப் பிள்ளைக்குச் சொல்வது போல ஒன்று விடாமல் சொன்னேன். முடித்ததும் அவர் ஒன்றே ஒன்று கேட்டார்.

"அவிய உங்களுக்குச் சொந்தமுங்களா?"

"இல்லீங்க."

"சரிங்க. ஆபீசுல சொல்லி வெக்கறனுங்க."

நான் போனை வைத்தபோது ஆனைமலைக்காரர் இரண்டு கையிலும் நல்ல முற்றின தேங்காயாக நாலு தேங்காயைக் காம்போடு பிடித்துக்கொண்டு என் வண்டியருகே நின்றிருந்தார். இந்தக் காலத்தில் வேலையாளுக்காக யார் இவ்வளவு தூரம் வருகிறார்கள் என்று வீட்டம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார். அந்த அம்மா என்னைக் கும்பிட்டார்.

வேண்டாம் என்று சொல்லியிருக்கவேண்டும். வாங்கிக்கொண்டேன்.